சாவியாய்ப் போன நெல்லும் ஒரு கேமராவும்: ஒகாவா ஷின்சுகேயின் மகினோ படங்கள்

சுற்றுச்சூழல் படம் என்றால் இப்போது ஒரு அச்சு உருவாகிவிட்டது. முதலில் ட்ரோனில் இருந்து காடோ கடலோ. அடுத்து சுருக்கம் விழுந்த ஒரு முதியவர் முகம், பின்னணியில் சோகமான வயலின். கடைசியில் கறுப்புத் திரையில் இரண்டு புள்ளிவிவரம். படத்தைப் பற்றிய குறிப்பில் 'உள்ளூர் மக்களோடு இணைந்து உருவாக்கப்பட்டது' என்று ஒரு வரி கட்டாயம் இருக்கும்.

அந்த 'இணைந்து' என்ற சொல்தான் எனக்கு உறுத்தும். எத்தனை நாள் இணைந்திருந்தார்கள்? யாருடைய கேள்வியை யார் ஆராய்ந்தார்கள்? படம் எடுத்தவர் சொன்னது தப்பு என்று ஊர்க்காரர் சொன்னால் அதைத் திருத்த இடம் இருந்ததா? பெரும்பாலான படங்களைப் பார்த்துவிட்டு இந்தக் கேள்விகளுக்குப் பதில் சொல்ல முடியாது.

இந்தச் சொல்லை அது போகக்கூடிய எல்லை வரைக்கும் கொண்டுபோய்ப் பார்த்த ஒரு ஆள் ஜப்பானில் இருந்தார். பெயர் ஒகாவா ஷின்சுகே (1935-1992). தன் குழுவோடு ஒரு மலையடிவாரக் கிராமத்துக்குக் குடிபோய், வயல் எடுத்து, நெல் பயிரிட்டு, பதிமூன்று வருஷம் கழித்து ஒரு படத்தை முடித்தார். அந்தப் படங்களைப் பற்றியும், அதற்கு யார் விலை கொடுத்தார்கள் என்பதைப் பற்றியும்தான் இந்தப் பதிவு.

விமான நிலையத்திலிருந்து வயலுக்கு

ஒகாவாவின் பெயர் முதலில் தெரியவந்தது போராட்டப் படங்களால். 1966-ல் ஜப்பான் அரசு டோக்கியோவுக்கு அருகே நரிதாவில் புதிய சர்வதேச விமான நிலையம் என்று அறிவித்தது. சான்ரிசுகா என்ற பகுதி விவசாயிகளிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அவர்கள் நிலத்தைத் தர மறுத்தார்கள், மாணவர்கள் துணைக்கு வந்தார்கள். வருஷக்கணக்கில் சண்டை நடந்தது.

ஒகாவாவின் குழு, அதாவது ஒகாவா புரொடக்ஷன்ஸ், அங்கேயே தங்கி 1968 முதல் வரிசையாகப் படங்கள் எடுத்தது. கேமரா விவசாயிகள் பக்கம் நின்றது. போலீஸ் வரிசைக்குப் பின்னாலிருந்து பாதுகாப்பாக எடுத்த செய்திப்படங்கள் இல்லை இவை.

அந்த வரிசையில் 1971-ல் வந்த 'இரண்டாம் கோட்டையின் மக்கள்' படத்தில் ஒரு இடம் எனக்கு முக்கியம். நிலத்துக்கு அடியில் சுரங்கம் தோண்டி விவசாயிகள் உள்ளே உட்கார்ந்திருக்கிறார்கள். ஒருவர் அந்தச் சுரங்கத்துக்குள் காற்று எப்படி வருகிறது என்று நிதானமாக விளக்குகிறார். வெளியே போர்க்களம். ஆனால் படம் அவசரப்படாமல் அவர் சொல்லி முடிக்கும் வரை கேட்கிறது. கையால் வேலை செய்கிறவர் தன் வேலையை விளக்கும்போது வரும் பெருமிதம் அந்தக் குரலில் இருக்கிறது. 'ஒரு மனிதருக்கு என்ன தெரியும் என்று கேட்டு, பதில் முடியும் வரை உட்கார்ந்திரு' என்ற பிற்கால ஒகாவா இங்கேயே தொடங்கிவிட்டார் என்பது என் கணிப்பு.

1973-ல் 'ஹெத்தா கிராமம்' வந்தது. முந்தைய மோதலில் போலீஸ்காரர்கள் மூன்று பேர் இறந்திருந்தார்கள், ஊர் இளைஞர்கள் கைதாகிக்கொண்டிருந்தார்கள். படத்தில் சண்டைக் காட்சி அநேகமாக இல்லை. ஊர்க்கூட்டம், வீட்டுப் பேச்சு, நீண்ட மௌனங்கள். போராட்டத்தை எடுக்க வந்தவர்களுக்கு, போராடுகிற ஊர் எந்தக் கணக்கில் காலத்தை அளக்கிறது என்ற கேள்வி பெரிதாகிவிட்டது.

எனக்கு இதில் ஒரு தர்க்கம் தெரிகிறது. ஒரு விவசாயி 'இந்த மண்ணை விட மாட்டேன்' என்று சொல்வதைப் படம் பிடிக்கலாம். ஆனால் அந்த மண் என்ன, அதில் அவர் தினமும் செய்கிற வேலை என்ன என்று தெரியாவிட்டால் அது ஒரு கோஷத்தைப் படம் பிடித்தது மட்டும்தான். மகினோ கிராமத்துக் கவிஞரும் விவசாயியுமான கிமுரா மிச்சியோ அழைத்ததன் பேரில், 1974-ல் குழு வடக்கே யமகதா மாகாணத்தின் காமினோயாமா பகுதிக்குக் குடிபெயர்ந்தது. நரிதா விமான நிலையம் கடைசியில் 1978-ல் திறந்துவிட்டது. அப்போது ஒகாவா புரொடக்ஷன்ஸ் நாற்று நட்டுக்கொண்டிருந்தது.

பயிர் ஏன் சாவியாச்சு?

1982-ல் வந்த படத்தின் பெயர் 'ஜப்பான் நாடு, ஃபுருயாஷிகி கிராமம்'. நாட்டின் பெயரையும் ஊரின் பெயரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்ததில் ஒரு குறும்பு இருக்கிறது. ஃபுருயாஷிகி மகினோவுக்கு மேலே மலையில் இருக்கும் ஊர். படம் எடுத்தபோது அங்கே மொத்தம் எட்டு வீடு. படத்தின் நீளம் 210 நிமிடம். எட்டு வீட்டுக்கு மூன்றரை மணி நேரம்!

1980-ல் வடக்கு ஜப்பானில் கோடை குளிர்ந்துவிட்டது. நெல் கதிர் வந்தது, மணி பிடிக்கவில்லை. நம்ம ஊரில் சொல்வதுபோல் பயிர் சாவியாகிவிட்டது. ஆனால் எல்லா வயலும் ஒரே மாதிரி போகவில்லை. ஒரு வயல் மொத்தமாகப் போக, கொஞ்சம் தள்ளி இன்னொன்று தப்பித்திருக்கிறது. ஏன்?

படத்தின் முதல் பெரும்பகுதி இந்த ஒரே கேள்விதான். சாஃப்ட்வேர் ஆட்களுக்கு இந்த மாதிரிக் கேள்வி நன்றாகப் பழக்கம். ஒரே புரோகிராம் ஒரு மெஷினில் ஓடுகிறது, பக்கத்து மெஷினில் விழுகிறது என்றால் முதலில் இரண்டுக்கும் என்ன வித்தியாசம் என்று தேடுவோம். ஒகாவா குழு அதையேதான் செய்கிறது. ஊர்க்காரர்களிடம் கேட்கிறார்கள். அவர்கள் 'ஷிரோமினாமி' என்ற ஒன்றைச் சொல்கிறார்கள். நேர்ப்பொருள் 'வெள்ளைத் தெற்கு'. மலைமுகட்டைத் தாண்டி வழிந்து இறங்கும் குளிர்ந்த மூடுபனிக் காற்று. நமக்குத் தெற்குக் காற்று என்றால் தென்றல். அவர்களுக்கு அது பயிரைக் கொல்லும் காற்று.

கிராமத்து நம்பிக்கை, அழகான சொல் என்று பதிவு செய்துகொண்டு இங்கே அடுத்த காட்சிக்குப் போயிருக்கலாம். பல படங்கள் அப்படித்தான் போகும். இவர்கள் அந்தச் சொல்லை சோதித்துப் பார்க்கத்தக்க ஒரு கருத்தாக எடுத்துக்கொள்கிறார்கள். வயல்களில் வெப்பமானி வைத்து அளக்கிறார்கள். வரைபடம் போடுகிறார்கள். மலையையும் பள்ளத்தாக்கையும் சிறிய மாதிரியாகச் செய்து, உலர்பனிக்கட்டிப் புகையை அதன்மேல் வழியவிட்டுக் குளிர்காற்று எந்த வழியாக இறங்கும், எங்கே தேங்கும் என்று காட்டுகிறார்கள். பள்ளிக்கூட அறிவியல் கண்காட்சியில் பார்த்திருப்போமே, அந்த மாதிரி ஒரு மாதிரி. புகை மெதுவாக முகட்டைத் தாண்டி வழிந்து வயல் இருக்கும் இடத்தில் தேங்கும்போது ஒரு துப்பறியும் படத்தின் பரபரப்பு வருகிறது. மண்ணையும் விடுவதில்லை. வயலை வெட்டி அடுக்கு அடுக்காகப் பார்க்கிறார்கள்.

இதன் பின்னால் இருக்கும் தாவரவியலைக் கொஞ்சம் சொன்னால் காட்சியின் எடை புரியும். நெல்லுக்கு எல்லா நாளும் குளிர் ஒரே அளவு கெடுதல் செய்வதில்லை. கதிர் வெளியே வருவதற்கு ஏறக்குறைய பத்துப் பதினைந்து நாள் முன்னால், பயிர் பொதியில் இருக்கும்போது, உள்ளே மகரந்தம் உருவாகிக்கொண்டிருக்கும். அந்தச் சில நாட்களில் கடும் குளிர் அடித்தால் மகரந்தம் மலடாகிவிடும். வெளியிலிருந்து பார்த்தால் பயிர் பச்சையாக நன்றாகத்தான் நிற்கும். கதிர் வந்து, பூத்து, தலை சாயாமல் விறைப்பாக நிற்கும்போதுதான் விஷயம் தெரியும். அதனால்தான் குளிர் பிரதேச விவசாயிகள் அந்தச் சமயத்தில் வயலில் தண்ணீரை ஆழமாகக் கட்டுகிறார்கள். காற்றைவிடத் தண்ணீர் வெதுவெதுப்பு. இளங்கதிர் தண்ணீருக்குள் இருந்தால் பிழைக்கும்.

ஆக, பிழை நடந்த நாள் ஒன்று, அது தெரியவரும் நாள் வேறு. இடையில் வாரக்கணக்கு. மூன்று நாள் ஷூட்டிங்குக்கு வருகிறவர் விளைவை மட்டும்தான் படம் பிடிக்க முடியும். காரணத்தைப் பிடிக்க வேண்டுமென்றால் அங்கேயே குடியிருந்து, ஒன்றுமே நடக்காதது போல் தோன்றும் நாட்களிலும் வெப்பநிலையைக் குறித்துக்கொண்டிருக்க வேண்டும். குழு குடியிருந்ததன் பலன் அனுபவத்தில் மட்டும் இல்லை, ஆய்வுமுறையிலேயே இருக்கிறது.

இன்னொன்றும் கவனித்தேன். படத்தில் ஊர்க்காரர்கள் 'பாதிக்கப்பட்டவர்கள்' ஆக வருவதில்லை. அவர்கள் நிபுணர்கள். குழு தன் வரைபடத்தோடு வந்து பேச, அவர்கள் தங்கள் அனுபவத்தோடு பேச, இரண்டும் எங்கே பொருந்துகிறது, எங்கே இடிக்கிறது என்று பார்க்கிறார்கள். ஒரு விவசாயியின் முன் நின்று நெல்லைப் பற்றித் தப்பாகப் பேசினால் உடனே மாட்டிக்கொள்வோம். அந்த ஆபத்தை விரும்பி ஏற்றுக்கொண்டதுதான் இந்தப் படத்தின் நேர்மை.

எட்டு வீட்டில் ஒரு நாடு

பிற்பகுதியில் படம் வேறு திசைக்குப் போகிறது. கரி சுடுகிறவர், பட்டுப்புழு வளர்த்தவர்கள், போருக்குப் போய் வந்தவர், கணவரைப் போரில் இழந்தவர் என்று வீடு வீடாக உட்கார்ந்து கேட்கிறது. போரில் பியூகிள் ஊதிய முதியவர் ஒருவர் கேமரா முன் மறுபடி ஊதுகிறார். இந்த இடத்தில்தான் தலைப்பின் 'ஜப்பான் நாடு' வேலை செய்கிறது. நாடு இந்த மலைக்கு ஏறி வந்ததெல்லாம் எதையாவது கேட்டுத்தான். முதலில் கரி, பிறகு இளைஞர்களின் உயிர், பிறகு நகரத்துக் கூலிவேலைக்கு ஆள். எடுத்ததெல்லாம் எடுத்து முடிந்தபின் எட்டு வீடு மிச்சம்.

ஒரு குறை சொல்ல வேண்டும். முதல் பகுதியின் இறுக்கம் இங்கே தளர்கிறது. நெல்லுக்குக் கேட்ட கூர்மையான கேள்விகளை மனிதர்களுக்குக் கேட்கவில்லை. போருக்குப் போனவர் அங்கே என்ன செய்தார் என்று ஒரு படி மேலே போய்க் கேட்டிருக்கலாம். வயலில் சாட்சியத்தைச் சோதித்த அதே படம் வீட்டுக்குள் வந்ததும் மரியாதையாகத் தலையாட்டிக்கொண்டு உட்கார்ந்துவிடுகிறது. 1984 பெர்லின் விழாவில் படத்துக்கு விமர்சகர் பரிசு கிடைத்தது. தகுதியான பரிசு. ஆனாலும் இந்த ஏற்றத்தாழ்வு இருக்கிறது.

பூ திறக்கும் நேரம்

அடுத்தது பெரிய படம், 1986-ல் முடிந்தது. 'ஆயிரமாண்டுக் கீறல்கள் கொண்ட சூரியக் கடிகாரம்: மகினோ கிராமக் கதை'. 222 நிமிடம். இதற்கென்றே கியோத்தோவில் தற்காலிகமாக ஒரு அரங்கம் கட்டி, அதற்கு 'ஆயிரமாண்டு அரங்கம்' என்று பெயர் வைத்துத் திரையிட்டார்கள்.

ஒளிப்பதிவாளர் தமுரா மசாகி. சான்ரிசுகாவில் தடியடிக்கு நடுவே கேமரா பிடித்த அதே ஆள் இங்கே ஒரு நெல்பூவுக்கு முன்னால் காத்திருக்கிறார். நெல் பூப்பதைப் பலர் கவனித்திருக்க மாட்டார்கள். முற்பகலில் உமி இரண்டாகப் பிரிந்து, மகரந்தப் பைகள் வெளியே நீண்டு, தூள் கொட்டி, ஒன்று ஒன்றரை மணி நேரத்தில் மறுபடி மூடிக்கொள்ளும். அவ்வளவுதான். நாம் சாப்பிடும் ஒவ்வொரு சோற்றுப் பருக்கைக்கும் பின்னால் அப்படி ஒரு முற்பகல் இருக்கிறது. அதைத் திரை முழுக்கப் பெரிதாக்கிக் காட்டுகிறார்கள். 1980-ல் ஃபுருயாஷிகியில் தோற்றுப்போனது எது என்பது இந்தக் காட்சியில்தான் கண்ணுக்குத் தெரிகிறது. இரண்டு படத்தையும் சேர்த்துப் பார்க்கச் சொல்வதற்குக் காரணம் இது.

இந்தப் படத்தில் ஆவணமும் நாடகமும் கலந்து வருகிறது. வயலுக்கு அடியில் ஜோமோன் காலத்துப் பொருட்கள் கிடைக்க, அகழாய்வு நடக்கிறது. இன்னொரு பக்கம் ஊரின் பழைய கதைகளை நடித்துக் காட்டுகிறார்கள். 18-ம் நூற்றாண்டில் இந்தப் பகுதியில் விவசாயிகள் கிளர்ச்சி செய்து, தலைவர்கள் ஐந்து பேர் கொல்லப்பட்டார்கள். அவர்கள் நினைவாக ஒரு கோயில் இருக்கிறது. அந்தக் கதையில் முன்னோர்களின் வேடத்தை ஊர்க்காரர்களே கட்டுகிறார்கள். கூடவே தொழில்முறை நடிகர்களும் வருகிறார்கள். பூத்தோ நடனத்தைத் தொடங்கிவைத்த ஹிஜிகாட்டா தத்சுமியும், நடிகை மியாஷிதா ஜுன்கோவும் ஒரு கதையில் நடித்திருக்கிறார்கள்.

இந்தக் கலவை எனக்கு முழுசாக ஒட்டவில்லை. ஹிஜிகாட்டா வரும் பகுதியில் அவர் இருப்பே காட்சியை எடுத்துக்கொள்கிறது, மகினோ பின்னால் போய்விடுகிறது. ஆனால் கிளர்ச்சிக் கதை வேறு மாதிரி. நேற்று வரை கேமரா முன் நெல்லைப் பற்றிப் பேசிய மனிதர் இன்று விலங்கு பூட்டிய தன் ஊர் முன்னோராக நிற்கும்போது, நடிப்பு கொஞ்சம் விறைப்பாக இருந்தாலும் பரவாயில்லை. சான்ரிசுகாவில் நேரடியாகப் பார்த்த போராட்டம் இங்கே இருநூறு வருஷம் பின்னாலிருந்து வருகிறது. ஒகாவா போராட்டத்தை விட்டு ஓடிவந்தார் என்று சொன்னவர்களுக்கு இந்தப் பகுதிதான் பதில்.

சோறு யார் ஆக்கியது?

இதுவரை படித்தால் நான் ஒகாவா பக்தன் என்று தோன்றும். அதனால்தான் இந்தப் பகுதியை எழுதாமல் முடிக்க முடியாது.

ஒகாவா புரொடக்ஷன்ஸ் ஒரு கூட்டுக் குடும்பம் மாதிரி. எல்லோரும் ஒன்றாகத் தங்கி, ஒன்றாக உழைத்தார்கள். சம்பளம் கிடையாது. பணம் நண்பர்களிடமும் ஆதரவாளர்களிடமும் வாங்கிய கடனிலிருந்து வந்தது, ஒகாவா இறந்தபோது பெரிய கடன் மிச்சம் இருந்தது. குழுவில் பெண்கள் இருந்தார்கள். அவர்களில் பெரும்பாலோருக்கு வந்து சேர்ந்தது சமையல், துணி துவைத்தல், கணக்கு, வயல்வேலை. படத்தின் பேச்சும் முடிவும் ஒகாவாவைச் சுற்றியே நடந்தன. அமெரிக்க இயக்குநர் பார்பரா ஹாமர் 2000-ல் எடுத்த 'டிவோஷன்' என்ற ஆவணப்படம் பழைய குழுவினரைச் சந்தித்து இதைத்தான் விசாரிக்கிறது. ஒகாவா பற்றி விரிவாக எழுதிய ஏபே மார்க் நோர்ன்ஸும் தன் புத்தகத்தில் இதை மறைக்கவில்லை.

'அந்தக் காலத்து இயக்கங்கள் எல்லாம் அப்படித்தான், அவர்கள் விரும்பித்தானே வந்தார்கள்' என்று ஒரு பதில் உண்டு. ஓரளவு உண்மைதான். ஆனால் என் கேள்வி ஒழுக்கத்தைப் பற்றி மட்டும் இல்லை, படத்தைப் பற்றியும்தான். இந்தப் படங்களின் மொத்தப் பெருமையே எதையும் சும்மா விட மாட்டோம் என்பதில் இருக்கிறது. காற்று எந்த வழியில் வந்தது, மண்ணில் எந்த அடுக்கு, பூ எத்தனை மணிக்குத் திறந்தது, எல்லாம் பதிவாகியிருக்கிறது. ஆனால் அந்தக் கேமராவுக்குப் பின்னால் இருந்தவர்களுக்கு மூன்று வேளை சோறு எப்படி வந்தது என்பது மட்டும் பதிவாகவில்லை. விளைந்த நெல் வயலிலிருந்து நேரே தட்டுக்கு வந்துவிடவில்லையே.

1977-ல் இவர்கள் எடுத்த பட்டுப்புழு வளர்ப்புப் படத்தைச் சிலர் விதிவிலக்காகச் சொல்வார்கள். அதில் கிராமத்துப் பெண் ஒருவரிடமிருந்து குழு வேலை கற்றுக்கொள்கிறது. அந்தக் கைகளின் திறமைக்குப் படம் முழு மரியாதை தருகிறது. சரிதான். ஆனால் அது கிராமத்துப் பெண்ணின் உழைப்பு. தங்கள் சொந்தச் சமையலறைக்குள் கேமரா அதே மரியாதையோடு போகவில்லை. ஊர்க்காரர்களோடு 'இணைந்து' என்பதில் இவ்வளவு கறாராக இருந்த ஒருவர், தன் குழுவுக்குள் 'இணைந்து' என்றால் என்ன என்று அதே கறாரோடு கேட்கவில்லை. 'ஒகாவாவின் படம்' என்று நானும் இந்தப் பதிவு முழுக்க எழுதியிருக்கிறேன் பாருங்கள். கூட்டு உழைப்பு ஒரே பெயருக்குள் போவது அவ்வளவு சுலபம்.

இதனால் படங்களின் மதிப்பு குறைகிறதா? எனக்கு அப்படித் தோன்றவில்லை. வெப்பமானி சொன்னது பொய்யாகிவிடாது. ஆனால் இந்த முறையை இன்று யாராவது பின்பற்ற நினைத்தால், பதிமூன்று வருஷம் குடியிருப்பதை மட்டும் எடுத்துக்கொண்டு மற்றதை விட்டுவிடக் கூடாது. அந்தப் பதிமூன்று வருஷத்தை யாருடைய ஊதியமில்லா வேலை தாங்கியது என்பதும் அந்த முறையில் ஒரு பகுதி. நீண்டகாலம் ஒரு ஊரில் தங்கி வேலை செய்யும் எந்தக் கலைஞரிடமும் நான் இனி முதலில் இதைத்தான் கேட்பேன்.

பிறகு என்ன ஆச்சு

1989-ல் யமகதா நகரில் சர்வதேச ஆவணப்பட விழா தொடங்கியது. அதற்கு முக்கியத் தூண்டுதல் ஒகாவாதான். இரண்டு வருஷத்துக்கு ஒருமுறை இன்றும் நடக்கிறது. ஆசியாவின் புதிய ஆவணப்படங்களுக்கு அவர் பெயரில் ஒரு பரிசும் உண்டு. சீனாவின் சுயாதீன ஆவணப்படக்காரர் வூ வென்குவாங் போன்றவர்கள் இவரைச் சந்தித்து ஊக்கம் பெற்றார்கள். ஒகாவா பாதியில் விட்ட படம் ஒன்று, காமினோயாமா பகுதியில் சீமைப் பனிச்சைப் பழத்தை உரித்துக் காயவைக்கும் தொழிலைப் பற்றியது. அதைச் சீன இயக்குநர் பெங் சியாவோலியான் 2001-ல் முடித்தார். பழம் உரிக்கும் சிறு கருவியை ஊர்க்காரர்கள் தாங்களே எப்படி மாற்றி மாற்றி மேம்படுத்தினார்கள் என்பதை அது ஆசையோடு சொல்கிறது. என்னைப் போன்ற இன்ஜினியர்களுக்கு ரொம்பப் பிடிக்கும்.

பார்க்க விரும்புகிறவர்களுக்கு ஒரு யோசனை. நேரே மகினோவுக்குப் போகாதீர்கள், சோர்ந்துவிடுவீர்கள். முதலில் 'இரண்டாம் கோட்டையின் மக்கள்'. அடுத்து ஃபுருயாஷிகி, இரண்டு தவணையாக. குளிர்காற்று விசாரணை முடியும் இடத்தில் நிறுத்திவிட்டு மறுநாள் தொடரலாம். பிறகு மகினோ. எல்லாம் முடிந்தபின் 'டிவோஷன்' பாருங்கள். அதைப் பார்த்துவிட்டு ஃபுருயாஷிகியின் முதல் அரைமணி நேரத்தை மறுபடி ஓடவிடுங்கள். வரைபடத்தின் முன் நின்று விளக்குகிறவர் யார், அந்த நேரத்தில் சட்டகத்துக்கு வெளியே யாரெல்லாம் இருந்திருப்பார்கள் என்ற கேள்வியோடு பார்த்தால், அதே காட்சி வேறு மாதிரித் தெரியும்.